மகரிஷி கார்வே: துணை இழந்த இருவர் அமைத்த இல்லறம்



பூனாவில் வசிப்பவர்களுக்கு கார்வே ரோடு தெரிந்திருக்கும். மும்பை அன்பர்களுக்கு சர்ச்கேட் பக்கம் செல்லும் மகரிஷி கார்வே ரோடு தெரிந்திருக்கும். முன்பு குயின்ஸ் ரோடு என்று வழங்கியது அதுதான். பெண் கல்விக்காக உழைத்து பாரத ரத்னா பெற்றவர், நூறு வயதைத் தாண்டி வாழ்ந்தவர் என்ற அளவில் தோண்டோ கேசவ் கார்வேயைப் பலரும் அறிவார்கள். ஆனால் அவருடைய பொதுத் தொண்டு முழுவதும் சொந்த வாழ்க்கையில் அவர் எடுத்த ஒரு முடிவிலிருந்து கிளைத்தது என்பது அவ்வளவாகத் தெரியாது. மனைவியை இழந்த அவர், கணவனை இழந்த ஒரு பெண்மணியை விவாகம் செய்துகொண்டார். அதுவும் 1893-ஆம் ஆண்டில்.

இதை இப்போது எழுத ஒரு காரணம் உண்டு. என் நண்பர் ஒருவர், ஓய்வு பெற்ற அதிகாரி, சில ஆண்டுகளுக்கு முன் மனைவியைப் பறிகொடுத்தார். வயது அறுபத்தெட்டு. அதே குடியிருப்பில், கணவரை இழந்து தனியாக வசிக்கும் ஒரு மாமியுடன் அவருக்கு நல்ல பழக்கம் ஏற்பட்டது. மருத்துவரிடம் போவது, கோவிலுக்குப் போவது, மாலையில் காபி அருந்தியபடி பேசுவது என்று தொடங்கிய சிநேகம். எஞ்சிய காலத்தை தம்பதியாகவே கழிக்கலாமா என்று இருவரும் யோசித்தார்கள். நண்பரின் மகன் ஒரே நாளில் சம்மதித்துவிட்டான். அப்பாவுக்கு ஒரு துணை அவசியம் என்பது அவன் கட்சி. மாமியின் மகனோ, அம்மாவுக்கு இந்த வயதில் என்ன குறைச்சல் என்று கேட்டு, பேசுவதையே நிறுத்திவிட்டான். இரண்டு பேரும் படித்த பிள்ளைகள். இரண்டு பேரும் நல்ல பிள்ளைகளும்கூட. நண்பர் என்னிடம் அபிப்பிராயம் கேட்டபோது சட்டென்று பதில் சொல்ல எனக்குத் தெரியவில்லை. வீட்டுக்கு வந்து கார்வேயின் வரலாற்றை மீண்டும் எடுத்துப் படித்தேன்.

இளமைக் காலம்

கார்வே 18.4.1858 அன்று ரத்னகிரி மாவட்டம் சேரவலி கிராமத்தில், தாயார் பிறந்தகத்தில் பிறந்தார். சித்பாவன பிராமணக் குடும்பம். சொந்த ஊர் முருட். ஜஞ்சிராக் கோட்டைக்குப் பெயர் பெற்ற முருட் வேறு. இது தாபோலி தாலுகாவில் கடலோரத்தில் உள்ள ஊர். கௌரவமான ஏழ்மை என்பார்களே, அப்படிப்பட்ட குடும்பம்.

பதினேழு வயதில், பொதுத் தேர்வு எழுதுவதற்காக முருடிலிருந்து சதாராவுக்கு மலைப்பாதையில் நடந்தே போனார். நூறு மைலுக்கு மேற்பட்ட தூரம். அங்கே அதிகாரிகள் அவருடைய சிறிய உருவத்தைப் பார்த்து, குறிப்பிட்ட வயது நிரம்பவில்லை என்று தீர்மானித்துத் தேர்வு எழுத அனுமதிக்கவில்லை. வந்த வழியே திரும்பினார். இந்த மனிதர் பின்னாளில் எத்தனை கதவுகள் சாத்தப்பட்டாலும் சலிக்காமல் நடந்ததற்கு அப்போதே பழக்கம் ஏற்பட்டுவிட்டது போலும்.

பிறகு பம்பாய் சென்று, 1881-ல் மெட்ரிகுலேஷன் தேறினார். எல்பின்ஸ்டன் கல்லூரியில் சேர்ந்து, 1884-ல் கணிதத்தில் பி.ஏ. பட்டம் பெற்றார். பட்டம் வாங்கும் முன்பே அவர் குடும்பஸ்தர். அக்கால வழக்கப்படி சிறு வயதிலேயே, தம்மிலும் ஐந்தாறு வயது இளையவரான ராதாபாயை அவருக்கு மணம் செய்து வைத்திருந்தார்கள். 1882-ல் மகன் ரகுநாத் பிறந்தான். பம்பாயில் சில பள்ளிகளில் பாடம் நடத்தியும் தனி வகுப்பு எடுத்தும் கார்வே குடும்பத்தை நடத்தினார்.

அந்த நாட்களில் அவருடைய நெருங்கிய நண்பர் நரஹரபந்த் ஜோஷி. இரு குடும்பங்களும் கூடி வாழ்ந்தன. நரஹரபந்துக்கு கோதுபாய் என்று ஒரு சகோதரி. எட்டு வயதில் விவாகம் ஆகி, மூன்றே மாதத்தில் கணவனை இழந்தவர். விவாகம் என்றால் என்ன, வைதவ்யம் என்றால் என்ன என்று அறியாத வயது. பல ஆண்டுகள் புக்ககத்தில் வேலை செய்தே கழித்த அவரை, படிக்க வைக்கும் எண்ணத்துடன் தமையனார் பம்பாய்க்கு அழைத்து வந்தார். 1889-ல் பண்டித ரமாபாய் பம்பாயில் சாரதா சதன் என்ற இல்லத்தைத் திறந்தபோது, அங்கே சேர்ந்த முதல் விதவை மாணவி இந்த கோதுபாய்தான்.

1891: இழப்பும் முடிவும்

1891-ல் ராதாபாய் காலமானார். கார்வேக்கு வயது முப்பத்து மூன்று. பையனுக்கு வயது ஒன்பது. அதே ஆண்டு நவம்பரில், கல்லூரித் தோழர் கோபால கிருஷ்ண கோகலேயின் அழைப்பின் பேரில் பூனா பெர்குஸன் கல்லூரியில் கணிதப் பேராசிரியரானார். டெக்கான் கல்விக் கழகத்தை விட்டு திலகர் விலகியதால் காலியான இடம் அது.

முப்பத்து மூன்று வயது, கல்லூரிப் பேராசிரியர், ஒரே பிள்ளை. அந்நாளைய சமூகத்தில் இப்படிப்பட்டவருக்கு இரண்டாம் தாரம் கிடைப்பது மிக எளிது. பெண்ணைப் பெற்றவர்கள் தேடி வருவார்கள். வரும் பெண் பன்னிரண்டு, பதின்மூன்று வயதுச் சிறுமியாக இருப்பாள், அவ்வளவுதான். மகாராஷ்டிரத்தில் மட்டும் அல்ல, நம் குடும்பங்களிலும் நடந்ததுதான் இது. என் கொள்ளுத் தாத்தா மனைவி இறந்த வருஷாப்திகம் முடிந்ததும் மறுவிவாகம் செய்துகொண்டார். அதே வீட்டில், பதினோரு வயதில் கணவனை இழந்த அவர் பெண், எங்கள் அத்தைப்பாட்டி, நார்மடி உடுத்து ஒரு வேளை உணவுடன் எழுபது வயது வரை அடுப்படியில் இருந்தாள். இரண்டையும் ஒரே கூரையின் கீழ் பார்த்த யாருக்கும் அது முரண்பாடாகத் தோன்றவில்லை. எனக்கும் வெகு காலம் தோன்றவில்லை.

கார்வேக்குத் தோன்றியது. கணிதம் கற்பித்தவர் அல்லவா? சமன்பாட்டின் ஒரு பக்கத்துக்குச் செய்வதை மறு பக்கத்துக்கும் செய்தாக வேண்டும். துணையை இழந்த ஆண் மறுபடி இல்லறம் அமைக்கலாம் என்றால், அந்த உரிமை பெண்ணுக்கும் இருக்க வேண்டும். ஆகவே இனி மறுவிவாகம் செய்துகொள்வதானால் ஒரு விதவையைத்தான் செய்துகொள்வது, இல்லையேல் தனியாகவே இருந்துவிடுவது என்று தீர்மானித்தார்.

நரஹரபந்தின் தந்தையார் தேவ்ருக் ஊரைச் சேர்ந்தவர், பழைய சம்பிரதாயத்தில் வளர்ந்தவர். அவர் கார்வேயைச் சந்தித்தபோது மறுவிவாகப் பேச்சு வந்தது. கார்வே தம் தீர்மானத்தைச் சொன்னார். அந்தப் பெரியவர் யோசித்து, தம் மகள் கோதுபாயையே கொடுக்க முன்வந்தார். கோதுபாயும் விவரம் அறிந்து சம்மதித்தார். இருவரும் ஒருவரை ஒருவர் முன்பே அறிந்தவர்கள். 1893 மார்ச் மாதம் பூனாவில் விவாகம் நடந்தது. மணமகள் ஆனந்திபாய் என்ற புதுப் பெயர் பெற்றார். பிற்காலத்தில் எல்லோருக்கும் அவர் பாயா, கார்வே அண்ணா.

சட்டம் இருந்தது, சம்மதம் இல்லை

விதவா விவாகம் அப்போது சட்டப்படி குற்றம் அல்ல. ஈசுவர சந்திர வித்யாசாகரின் முயற்சியால் 1856-லேயே அதற்கான சட்டம் வந்துவிட்டது. ஆனால் அந்தச் சட்டப்படி, மறுவிவாகம் செய்துகொள்ளும் பெண் இறந்த கணவனின் சொத்தில் தனக்கிருந்த உரிமையை இழப்பாள். அதைவிடப் பெரிய தடை ஊர்க் கட்டுப்பாடு. நம்மவர்களில் ஹிந்து பத்திரிகையை நிறுவியவர்களில் ஒருவரான ஜி. சுப்ரமணிய ஐயர், விதவையான தம் மகளுக்கு 1889-ல் மறுவிவாகம் செய்து வைத்தபோது, அதைச் சென்னையில் நடத்தவில்லை. காங்கிரஸ் மகாசபை கூடிய பம்பாயில்தான் நடத்தினார். அவரும் உறவினர்களின் புறக்கணிப்புக்கு ஆளானார்.

கார்வே புது மனைவியுடன் முருடுக்குச் சென்றபோது ஊர் கூடியது. கார்வே இருக்கும் சபையில் யாரும் அமரக் கூடாது, அவரை வீட்டில் சேர்த்தால் அண்ணன் குடும்பத்துக்கும் பிரஷ்டம் என்று தீர்மானம் ஆயிற்று. பெற்ற தாயாருடன் ஒரே வீட்டில் தங்க முடியாத நிலை. கார்வே ஊராரோடு சண்டைக்குப் போகவில்லை. அண்ணனையும் தாயாரையும் சங்கடத்தில் மாட்டி வைக்கவும் இல்லை. தண்டனையை ஏற்றுக்கொண்டு பூனா திரும்பினார். இன்று அந்த முருடுக்கு முகவரியே கார்வேயின் ஊர் என்பதுதான்.

அதே 1893-ல் விதவா விவாகத்தை ஆதரிக்க ஒரு சங்கத்தைத் தொடங்கினார். இரண்டு ஆண்டுகள் கழித்து அதன் பெயரை மாற்றினார்கள். விவாகத்தை ஊக்குவிக்கும் சங்கம் என்று இருந்தது, விவாகத்துக்குள்ள தடைகளை நீக்கும் சங்கம் என்று ஆயிற்று. இந்த வித்தியாசம் கவனிக்கத்தக்கது. யாரையும் விவாகம் செய்துகொள் என்று தூண்டுவது அவர் நோக்கம் அல்ல. விரும்புகிறவர்களை மற்றவர்கள் தடுக்கக் கூடாது என்பதே நோக்கம்.

பாயா கொடுத்த விலை

1896-ல் கார்வே விதவைகளுக்கான இல்லம் ஒன்றுக்கு அடிகோலினார். 1900-ல் அது பூனாவுக்கு வெளியே ஹிங்கணே கிராமத்துக்கு மாறியது. குடிசையில் வாசம். கல்லூரிப் பாடம் முடிந்ததும், ஆசிரமத்துக்கு வேண்டிய சாமான்களைச் சுமந்துகொண்டு, சேறும் இருட்டுமான பாதையில் அவ்வளவு தூரமும் நடந்தே போய், அங்குள்ள பெண்களுக்குப் பாடம் சொல்லிக் கொடுப்பார். மறுநாள் கல்லூரிக்கு மீண்டும் நடை.

இந்த இடத்தில் ஓர் உண்மையை மறைக்காமல் சொல்ல வேண்டும். தம் வீட்டு விதவைப் பெண்ணைப் படிக்க அனுப்பச் சிலராவது தயாராக இருந்தார்கள். ஆனால் அங்கே போனால் மறுவிவாகம் செய்து வைத்துவிடுவார்களோ என்று பயந்தார்கள். அந்தப் பயத்தைப் போக்க, ஆசிரமம் கல்விக்கு மட்டுமே, மறுவிவாகத்துக்கும் அதற்கும் சம்பந்தம் இல்லை என்று கார்வே அறிவித்தார். விதவா விவாக சங்கப் பொறுப்பிலிருந்தும் விலகிக்கொண்டார். இதன் விளைவு என்ன? மறுவிவாகம் செய்துகொண்ட பெண் என்ற ஒரே காரணத்தால், அவருடைய மனைவியே ஆசிரமத்திலிருந்து விலகியிருக்க நேர்ந்தது. கணவர் ஹிங்கணேயில் விதவைகளுக்காக உழைக்க, ஒரு காலத்தில் விதவையாக இருந்த பாயா பூனா நகரில் குழந்தைகளுடன் பல ஆண்டுகள் தனிக்குடித்தனம் நடத்தினார். வருமானத்தின் பெரும்பகுதி ஆசிரமத்துக்குப் போயிற்று. குழந்தைகளை வளர்க்கும் பாரம் பாயாவின் தலையில் விழுந்தது. அவர் பிரசவ மருத்துவம் கற்றுக்கொண்டு சம்பாதித்தார். நிராதரவாக வந்த பெண்களுக்குத் தம் சிறிய வீட்டிலேயே இடம் கொடுத்தார்.

மகரிஷி என்று நாடு போற்றியவரின் வாழ்க்கையில், துணை கிடைத்த பிறகும் தனிமையை அதிகம் அனுபவித்தவர் பாயாதான். அவர் வாய்மூடி இருந்துவிடவில்லை. 1944-ல் மராத்தியில் வெளியான அவருடைய சுயசரிதை, கணவரின் பெருமையோடு தம் மனக்குறைகளையும் ஒளிவில்லாமல் கூறுகிறது. அதே பாயா, வயதான காலத்திலும் வீடு வீடாகச் சென்று ஹிங்கணே ஸ்தாபனத்துக்குச் சிறு தொகைகளாக நன்கொடை திரட்டினார்.

பாயாவின் தங்கை பார்வதிபாய் ஆடவலேயையும் குறிப்பிட வேண்டும். இவரும் இளவயதில் கணவனை இழந்தவர். கையில் ஒரு மகன். அக்காவைப் போல மறுவிவாகம் செய்துகொள்ளாமல், ஹிங்கணே ஆசிரமத்திலேயே படித்து, அதன் பொறுப்பாளராக உயர்ந்து, நிதி திரட்ட அமெரிக்கா வரை சென்று வந்தார். அக்கா ஒரு வழி, தங்கை ஒரு வழி. கார்வே இரண்டு வழிகளையும் மதித்தார்.

ஐந்து மாணவிகளும் பதினைந்து லட்சமும்

1907-ல் மகளிருக்கான பள்ளி. 1914-ல் பெர்குஸன் கல்லூரியிலிருந்து ஓய்வு. நாமெல்லாம் ஓய்வு பெற்றதும் நாற்காலியைத் தேடுவோம். கார்வே தம் ஐம்பத்தெட்டாவது வயதில், 1916-ல், பெண்களுக்கென்று ஒரு பல்கலைக்கழகத்தையே தொடங்கினார். முதலில் மாணவிகள் ஐந்து பேர். 1920-ல் சர் விட்டல்தாஸ் தாக்கர்ஸி பதினைந்து லட்ச ரூபாய் நன்கொடை வழங்கினார். அவருடைய தாயார் நாதிபாயின் பெயரால் அதுவே எஸ்.என்.டி.டி. மகளிர் பல்கலைக்கழகம் ஆயிற்று. எழுபது வயதுக்குப் பின் ஐரோப்பா, அமெரிக்கா, ஜப்பான், ஆப்பிரிக்கா என்று சுற்றி, தம் பணியை விளக்கி நிதி சேர்த்தார்.

பிள்ளைகளும் சோடை போகவில்லை. மூத்தவர் ரகுநாத், கணிதப் பேராசிரியர், நம் நாட்டில் குடும்பக் கட்டுப்பாட்டுப் பிரசாரத்தின் முன்னோடி. பாயாவின் மக்களில் தினகர், பெர்குஸன் கல்லூரியின் முதல்வரானார். தினகரின் மனைவி, புகழ்பெற்ற மானிடவியல் அறிஞர் இராவதி கார்வே.

29.11.1950 அன்று பாயா காலமானார். ஐம்பத்தேழு ஆண்டு இல்லறம். தொண்ணூற்றிரண்டாவது வயதில் கார்வே இரண்டாம் முறையாகத் துணையை இழந்தார். மூன்று ஆண்டுகளில் மூத்த மகன் ரகுநாத்தையும் பறிகொடுத்தார். 1955-ல் பத்ம விபூஷண், 1958-ல் பாரத ரத்னா. அவருடைய நூறாவது ஆண்டு நிறைவன்று அரசு தபால் தலை வெளியிட்டது. உயிரோடிருக்கும்போதே இந்தியத் தபால் தலையில் இடம் பெற்ற முதல் இந்தியர் அவர். 9.11.1962 அன்று, 104-ஆவது வயதில், பூனாவில் இயற்கை எய்தினார். அந்த ஹிங்கணே இன்று கார்வேநகர்.

நம் காலத்துக்கு

இப்போது சட்டம் மாறிவிட்டது. 1955-ஆம் ஆண்டு ஹிந்து விவாகச் சட்டம், துணையை இழந்த ஆணையும் பெண்ணையும் ஒரே தராசில் வைக்கிறது. தேவை இல்லாமல் போன 1856-ஆம் ஆண்டுச் சட்டம் 1983-ல் நீக்கப்பட்டது. ஆயினும் அலுவலகக் கோப்புகளில் காலம் கழித்தவன் என்ற முறையில் ஒரு விவரம் சொல்கிறேன். மத்திய அரசு விதிகளின்படி, சொந்த பென்ஷன் வாங்குபவர் ஓய்வுக்குப் பின் மறுவிவாகம் செய்துகொண்டால் அவர் பென்ஷனுக்குக் குறைவில்லை. புது மனைவியின் பெயரையும் குடும்ப பென்ஷனுக்குச் சேர்க்கலாம். ஆனால் இறந்த கணவரின் குடும்ப பென்ஷனை வாங்கும் பெண்மணி மறுவிவாகம் செய்துகொண்டால், குறிப்பிட்ட வருமான வரம்புக்குள் உள்ள, குழந்தையில்லாத விதவை நீங்கலாக, அந்த பென்ஷன் நின்றுவிடும். மனைவியின் குடும்ப பென்ஷனை வாங்கும் ஆணுக்கும் இதே விதிதான். ஆனால் நம் தலைமுறையில் குடும்ப பென்ஷனை நம்பி வாழ்பவர்கள் பெரும்பாலும் பெண்கள். ஆகவே இம்மாதிரி முடிவு எடுப்பவர்கள், குறிப்பாகப் பெண்கள், பென்ஷன், வீடு, சேமிப்பு ஆகியவற்றை முன்கூட்டியே எழுத்து மூலம் ஒழுங்கு செய்துகொள்வது நல்லது. பிள்ளைகளின் பயத்தில் பாதி அதிலேயே தீர்ந்துவிடும்.

வயதான காலத்தில் மறுவிவாகம் எல்லோருக்கும் வேண்டும் என்று நான் கூறவில்லை. போனவரின் நினைவே போதும் என்று இருப்பவர்கள் பலர். அது அவர்கள் விருப்பம். பார்வதிபாயும் அப்படித்தான் இருந்தார். நான் கேட்பது ஒன்றே. அப்பாவுக்கு எந்த அளவுகோலோ, அம்மாவுக்கும் அதே அளவுகோல் வேண்டும். அப்பாவின் தனிமை மட்டும் நம் கண்ணில் படுவதற்குக் காரணம், அவருக்கு அடுப்பு மூட்டத் தெரியாது என்பதுதான். அம்மா சமைத்துக்கொள்வாள். ஆனால் சமைத்ததைத் தனியாக உட்கார்ந்து சாப்பிடுவது அவளும்தானே?

நண்பரிடம் இதைத்தான் சொன்னேன். மகனின் சம்மதம் இல்லாமல் செய்துகொள்ள அந்த மாமிக்கு மனமில்லை. காத்திருக்கிறார். பாயாவுக்குப் பத்தொன்பதாம் நூற்றாண்டில் கிடைத்த தகப்பனாரைப் போல, இவருக்கு ஒரு பிள்ளை கிடைக்க வேண்டும். இந்த இதழ் கைக்கு வந்ததும் ஒரு பிரதியை அந்தப் பிள்ளைக்குத் தபாலில் அனுப்ப எண்ணியிருக்கிறேன்.